கரமசோவ் சகோதரர்கள்: கிழவன் கொலையான இடத்தில் நின்றுவிட்டேன்

கேள்வி: குலசேகரத்தான்

நான் ரப்பர் பால் வெட்டுகிறவன். விடியற்காலை 3 மணிக்கு நெற்றியில் லைட்டைக் கட்டிக்கொண்டு தோட்டத்தில் இறங்கினால் வெட்டி முடிக்க 7 ஆகும். சிரட்டையில் பால் நிறையும் வரை வேலை இல்லை. அந்த நேரத்தில்தான் 4 மாதமாக, தஸ்தயெவ்ஸ்கி எழுதிய 'கரமசோவ் சகோதரர்கள்' என்ற ரஷ்ய நாவலை வாசிக்கிறேன். அந்தச் சகோதரர்களின் அப்பா, அந்தக் கிழவனைக் கொன்றுவிட்டார்கள் என்ற இடத்தில் மூடி வைத்தவன், பிறகு திறக்கவில்லை.

எங்க அப்பா ஒரு ராத்திரி குடித்துவிட்டு வந்து அம்மாவை முடியைப் பிடித்து முற்றத்தில் இழுத்தார். 'இந்த ஆள் செத்தால் என்ன' என்று நினைத்தேன். நினைத்தேன், அவ்வளவுதான். 20 நாளில் நெஞ்சுவலியில் போய்விட்டார். இப்போது 60 சென்ட் நிலத்துக்காக அண்ணனும் நானும் பேசுவதில்லை. அந்த மகன்கள் நினைப்பதெல்லாம் நான் நினைத்ததுதான். எழுதினவருக்கு இது எப்படித் தெரிந்தது? மிச்சத்தை வாசிக்கவா, விடவா?

பதில்: தக்கலை வாசகர்

வாசியுங்க. பெயர்களை மட்டும் ஒரு தாளில் எழுதி வையுங்க. மூத்த மகன் திமித்ரியும் மித்யாவும் ஒரே ஆள் என்று தெரியாமல் நான் 100 பக்கம் அலைந்தேன்.

பதில்: தூத்தூர்க்காரி

தம்பி, தஸ்தயெவ்ஸ்கிக்கு 17 வயசில் அப்பா போய்விட்டார், 1839இல். பதிவேட்டில் இயற்கை மரணம். பண்ணையாட்கள் கொன்றதாகத்தான் குடும்பத்தில் நம்பினார்கள். அதற்குச் சில வாரம் முன்னால்தான், படிக்கப் போன இடத்திலிருந்து, தேயிலைக்கும் பூட்ஸுக்கும் பணம் கேட்டு அப்பாவுக்குக் கடிதம் எழுதியிருந்தார். அந்தக் கடிதத்தை ஆயுசுக்கும் மறந்திருக்க மாட்டார் என்றே நினைக்கிறேன். அப்புறம் சைபீரியாவில் ஓம்ஸ்க் சிறையில் 4 வருஷம். அங்கே, அப்பாவைக் கொன்றான் என்று தண்டனை பெற்ற ஒருவனைப் பார்த்தார். அவன் குற்றவாளி இல்லை என்பது பின்னால்தான் தெரிந்தது. நாவலில் அப்பாவைக் கொன்றதாகச் சந்தேகப்படும் மித்யா அவனிடமிருந்து வந்தவன்.

ஆனால் என்னைப் பிடித்துவைத்தது வேறு இடம். 1878 மே மாதம் அவருடைய மகன் அல்யோஷா வலிப்பில் இறந்தான். 3 வயசுகூட நிறையவில்லை. வலிப்பு அப்பாவிடமிருந்து வந்தது, அது அவருக்கும் தெரியும். அடுத்த மாதமே ஆப்டினா என்ற கிறிஸ்தவ மடத்துக்குப் போய்ப் பெரியவர் ஒருவரை, வயசான துறவியை, பார்த்தார். அதுதான் நாவலின் 2ஆம் பாகத்தில் வருகிறது. பிள்ளையைப் பறிகொடுத்த ஒருத்தி, அவனுடைய சின்னச் சட்டையையும் பூட்ஸையும் எடுத்து வைத்துப் பார்த்துப் பார்த்து அழுகிறேன் என்பாள்.

எங்க தம்பி 2017 ஒக்கிப் புயலுக்கு முன்னால் கடலுக்குப் போனவன். உடம்புகூடக் கிடைக்கவில்லை. போன அன்று 500 ரூபாய்க்காக அவனோடு சண்டை போட்டு, படியிறங்கும்போது முகம் கொடுக்காமல் இருந்தேன். அம்மா அவன் கைலியைத் துவைக்காமல் தலையணைக்கு அடியில் வைத்திருக்கிறாள். வந்தவர்கள் எல்லோரும் 'அழாதே, அவன் கடவுள்கிட்ட இருக்கான்' என்றார்கள். நாவலில் பெரியவரும் முதலில் அதைத்தான் சொல்லுவார், அப்புறம் ஆறுதல் தேட வேண்டாம், அழு என்பார். அந்தப் பக்கத்தை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். 'அந்தப் பெரியவருக்குத் தெரிஞ்சிருக்கு மக்கா' என்று சொல்லிவிட்டு, கைலியை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

விடாதீங்க. 11ஆம் பாகத்தில் தெருவிளக்குக்குக் கீழே, நாவலின் கடைசி மகன் அல்யோஷா அண்ணன் இவானிடம் ஒன்று சொல்லுவான். அது வரைக்குமாவது போங்க.

கேள்வி கேட்டவர்

அக்கா, இன்றைக்குத்தான் வந்து சேர்ந்தேன். 'அப்பாவைக் கொன்றது நீ இல்லை' என்கிறான். மூன்று தடவை வாசித்தேன், அந்தப் பக்கத்தில் பால் கறை ஒட்டிக்கொண்டது. அண்ணனுக்கு போன் போட்டேன், எடுக்கவில்லை. ராத்திரி மறுபடியும் போடுவேன்.