ஞாயிறு மாலைக்கு ஒரு துணை தேடுகிறேன்

வணக்கம் அக்காமாரே, தங்கைமாரே. நான் மட்டக்களப்பைச் சேர்ந்தவள். வேலைக்காக யாழ்ப்பாணம் வந்து எட்டு மாதங்கள் ஆகின்றன. திருநெல்வேலிச் சந்தைக்குக் கிட்ட ஒரு வீட்டின் மேலறையில் வாடகைக்கு இருக்கிறேன்.

வேலை நாட்களில் குறையில்லை. ஞாயிறுதான் நீள்கிறது. உடுப்புத் தோய்த்து, சொதி வைத்து, அம்மாவுடன் தொலைபேசியில் கதைத்து முடித்தாலும் மணி பதினொன்றுதான். கடையில் வாயைத் திறந்தால் "பிள்ளை எந்த இடம்?" என்கிறார்கள். மட்டக்களப்பு என்றதும் தயிரைப் பற்றி விசாரித்துவிட்டு மிச்சக் காசைத் தருகிறார்கள். அத்துடன் உறவு முடிந்தது! போன மாதம் காய்ச்சலில் இரண்டு நாள் படுத்திருந்தேன். வீட்டுக்கார அன்ரி கொத்தமல்லி அவித்துப் படியில் வைத்துவிட்டுப் போனார். அந்தக் கோப்பையைக் கழுவித் திருப்பிக் கொடுக்க மூன்று நாளாக எனக்கு மனம் வரவில்லை.

கேட்பது இதுதான். 1981இல் எரிந்து மீண்டெழுந்த நம் பொது நூலகத்தின் பக்கம், பெண்கள் கூடிப் புத்தகம் வாசித்துக் கதைக்கும் வட்டம் ஏதும் உண்டா? இல்லையென்றால், ஞாயிறு மாலை ஐந்து மணிக்குப் பண்ணைக் கடற்கரையில் காற்று வாங்க யாராவது வருவீர்களா? என்னிடம் சைக்கிள் இருக்கிறது. எட்டு மணிக்கு அன்ரி படலையைப் பூட்டிவிடுவார், அதற்குள் திரும்ப வேண்டும். வரும் நல்லூர்த் திருவிழாவின் 25 நாட்களில் ஒரு நாளாவது கச்சானைப் பங்குபோட ஆள் வேண்டும்.

இது மணமகன் தேவை விளம்பரம் அல்ல, அண்ணாமார் பொறுத்தருளவும். விருப்பமுள்ள பெண்கள் பதில் எழுதுங்கள்.