சோனி ராலின்ஸ் உச்சத்தில் இருந்தபோது மேடையை விட்டுப் போனது எதற்காக?

இரவுவானொலி:
அமெரிக்க ஜாஸ் சாக்ஸபோன் கலைஞர் சோனி ராலின்ஸ் பற்றி எங்கே படித்தாலும் அந்தப் பாலக் கதைதான் முதலில் வருகிறது. 1959இல் கச்சேரிகளை நிறுத்திவிட்டு நியூயார்க்கின் வில்லியம்ஸ்பர்க் பாலத்து நடைபாதையில் நின்று இரண்டு வருடம் சாக்ஸபோன் சாதகம் செய்தார், சில நாள் பதினைந்து மணி நேரம்கூட. கதை நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் திரும்பி வந்து 1962இல் போட்ட 'தி பிரிட்ஜ்' ஆல்பத்தைக் கேட்டால், 1956இல் பதிவான 'சாக்ஸபோன் கொலோசஸ்'ஸைத் தாண்டிய பெரிய பாய்ச்சலாக எனக்குத் தெரியவில்லை. அப்படியானால் அந்த இரண்டு வருடம் எதற்கு? அப்புறம் இன்னொரு கேள்வி, ஜாஸ் குழுத் தலைவர்களான ஆர்ட் பிளேக்கிக்கும் மைல்ஸ் டேவிஸுக்கும் அமைந்ததுபோல பெயர் சொல்லும்படி ஒரு குழு இவருக்கு ஏன் அமையவில்லை?

ஹார்லெம்தெரு:
அந்தப் பாலத்தை மட்டும் தனியாக எடுத்துப் பார்த்தால் புரியாது. அதற்கு முன்பே அவர் ஒரு முறை எல்லாவற்றையும் விட்டுவிட்டுப் போயிருக்கிறார். ஹெராயின் பழக்கத்தால் சிறை வரைக்கும் போனவர், 1955இல் கென்டக்கியின் லெக்சிங்டனில் இருந்த அரசு மருத்துவமனையில் சேர்ந்து அதிலிருந்து மீண்டார். மீண்டதும் நேராக மேடைக்கு வரவில்லை, சிகாகோவில் துப்புரவு வேலை பார்த்தார், ஏனென்றால் கிளப்புக்குள் கால் வைத்தால் பழைய பழக்கம் பிடித்துக்கொள்ளும் என்ற பயம். பிறகுதான் டிரம்பெட் வாசித்த கிளிஃபோர்ட் பிரவுன், டிரம்ஸ் வாசித்த மேக்ஸ் ரோச் இருவரின் குழுவில் சேர்ந்தார். போதைப் பக்கமே போகாமல் இவ்வளவு நன்றாக வாசிக்க முடியும் என்று அவருக்குக் காட்டியவர் கிளிஃபோர்ட் பிரவுன். 'கொலோசஸ்' பதிவானது 1956 ஜூன் 22. ஜூன் 26 அன்று பிரவுன் கார் விபத்தில் இறந்துபோனார், வயது 25. அந்த ஆல்பத்தை நான் இந்த நான்கு நாளை மறந்துவிட்டுக் கேட்டதே இல்லை.

அடுத்த இரண்டு வருடத்தில் தன் பெயரில் மட்டும் வரிசையாகப் பல ஆல்பங்களைப் பதிவு செய்தார். 'கொலோசஸ்' ஆல்பத்தில் உள்ள 'புளூ 7' வாசிப்பை அலசி இசையமைப்பாளரும் விமர்சகருமான கன்தர் ஷுல்லர் 1958இல் ஒரு பெரிய கட்டுரையே எழுதினார். புகழ் மளமளவென்று ஏறுகிறது, ஆனால் அவருடைய காதுக்கு மட்டும் தன் வாசிப்பு அந்தப் புகழுக்கு ஈடாகப் படவில்லை. வீட்டில் வாசித்தால் அக்கம்பக்கத்துக்குத் தொந்தரவு, பக்கத்து வீட்டில் ஒரு கர்ப்பிணி வேறு. அதனால்தான் பாலம். அங்கே ரயில், கார், படகுச் சங்கு எல்லாம் சேர்ந்து இரைகிற இரைச்சலில் முழு மூச்சையும் விட்டு ஊதலாம், யாரும் வந்து கேட்கப்போவதில்லை.

மூன்றாம்கட்டை:
இரவுவானொலி, நீங்கள் 'தி பிரிட்ஜ்' பற்றிச் சொன்னதை அன்றைக்கே நிறையப் பேர் சொன்னார்கள். அதற்குள் இன்னொரு சாக்ஸபோன்காரர் ஆர்னெட் கோல்மன் வந்து ஜாஸின் விதிகள் எல்லாவற்றையும் கலைத்துப் போட்டிருந்தார், ராலின்ஸும் ஒரு புரட்சியோடுதான் வருவார் என்று எதிர்பார்த்தார்கள். என் கணிப்பில் அவருடைய பெரிய பாய்ச்சல் பாலத்துக்கு முன்பே, 1957இலேயே நடந்துவிட்டது. பியானோவைத் தூக்கிவிட்டு பேஸ், டிரம்ஸ் மட்டும் வைத்துக்கொண்ட மூவர் குழுவைச் சொல்கிறேன். மார்ச்சில் 'வே அவுட் வெஸ்ட்', நவம்பர் 3இல் வில்லேஜ் வேன்கார்ட் கிளப்பில் நேரடிப் பதிவு. பியானோ இருந்தால் அது போடும் கார்டுகள் (சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரக் கூட்டுகள்) அடுத்து எங்கே போகவேண்டும் என்று ஓயாமல் வழிகாட்டிக்கொண்டே இருக்கும். அதை எடுத்துவிட்டால் அந்தப் பொறுப்பு மொத்தமும் ஊதுகிறவர் தலையில்தான். வேன்கார்ட் பதிவில் எல்வின் ஜோன்ஸ் டிரம்ஸில் பின்னாலிருந்து நெருக்க நெருக்க, இவர் ஒரு சொற்றொடரைப் பாதியில் நிறுத்திவிட்டு, கொஞ்சம் பொறுத்து அதையே வேறு தாள இடத்தில் எடுப்பதைக் கவனியுங்கள்.

'புளூ 7'உம் அப்படித்தான். முதலில் பேஸ் தனியாக நடக்கிறது, அப்புறம் ராலின்ஸ் இரண்டு மூன்று ஸ்வரத்தில் ஒரு துணுக்கை வைக்கிறார், பிறகு அதை விடவே மாட்டார். கர்நாடக இசையில் நல்ல நிரவல் கேட்டுப் பழகிய காதுக்கு இது உடனே பிடிபடும், ஒரே வரியை வைத்துக்கொண்டு அத்தனையும் கட்டுவது.

'தி பிரிட்ஜ்'ஜிலும் பியானோ கிடையாது, ஜிம் ஹாலின் கிதார்தான். ஹால் கார்டை அளவாகத் தொட்டுவிட்டு ஒதுங்கிக்கொள்கிறார். குழுவை நடத்துகிறவராக ராலின்ஸ் தேடியது இந்த இடைவெளியைத்தான் என்று நினைக்கிறேன். நிரந்தரக் குழுவைவிட அது அவருக்கு முக்கியம்.

ஹார்லெம்தெரு:
நிரந்தரமாக யாருமே இல்லை என்றும் சொல்ல முடியாது. 'தி பிரிட்ஜ்'ஜில் பேஸ் வாசித்த பாப் கிரான்ஷா 2001லும் அவர் பக்கத்தில் நின்றார். செப்டம்பர் 11 தாக்குதலின்போது ராலின்ஸ் இரட்டைக் கோபுரங்களுக்குச் சில தெரு தள்ளி, உயரமான ஒரு கட்டடத்தில் குடியிருந்தார், சாக்ஸபோனை எடுத்துக்கொண்டுதான் வெளியேறினார். அந்த வாரம் பாஸ்டனில் கச்சேரி. ரத்து செய்துவிடலாம் என்று அவர் நினைத்தபோது, வாசித்தே ஆகவேண்டும் என்று நின்றவர் மனைவி லூசில். அவருடைய தொழில் விவகாரங்களைப் பார்த்துக்கொண்டவரும் லூசில்தான். செப்டம்பர் 15 அன்று வாசித்தார், 71 வயதில். அந்தப் பதிவு 2005இல் ஆல்பமாக வந்தது.

இரவுவானொலி:
இருவருக்கும் நன்றி. பாலத்துக்குப் பிறகும் இப்படி ஒதுங்கினாரா?

மூன்றாம்கட்டை:
ஆமாம். அறுபதுகளின் கடைசியில் பம்பாய் பக்கம் பவாயில் ஓர் ஆசிரமத்தில் தங்கி யோகமும் வேதாந்தமும் படித்தார், எழுபதுகளின் தொடக்கம் வரை மேடைப் பக்கம் அதிகம் வரவில்லை. அதன்பின் நாற்பது வருடம் வாசித்தார். கடைசிப் பொதுக் கச்சேரி 2012இல், நுரையீரல் நோயால் அதற்குமேல் ஊத முடியவில்லை. நீங்கள் முதலில் வேன்கார்ட் பதிவைக் கேளுங்கள், அடுத்து 1958இன் 'ஃப்ரீடம் சூட்', அதற்குப் பிறகு 'தி பிரிட்ஜ்'ஜுக்குத் திரும்புங்கள். இந்த வரிசையில் கேட்டால் ஜிம் ஹால் எங்கெல்லாம் வாசிக்காமல் விடுகிறார் என்பது உங்களுக்கே கேட்கும்.