புதுப்பிப்பு: முத்திரைக்கும் மைக்கும் இடையிலான விதி

கொழும்பைக் களமாகக் கொண்டு எழுதிவரும் என் நெடுங்கதையில், மந்திர மையால் எழுதிய சொல்லைக் கைமுத்திரை உயிர்ப்பிக்கிறது என்று முன்னர் விளக்கியிருந்தேன். தாள்களை முன்கூட்டியே எழுதி அடுக்கி வைத்திருப்பவனை யாரால் வெல்ல முடியும் என்று அப்போது ஒரு நண்பர் கேட்டார். மிக நியாயமான அந்தக் கேள்விக்கு மையிலேயே விடை கிடைத்துவிட்டது.

புறக்கோட்டை நாட்டு மருந்துக் கடையில் வாங்கிய கடுக்காயை இடித்து ஊறவைத்து, வடித்த சாற்றில் அன்னபேதி என்னும் இரும்பு உப்பைக் கரைத்தேன். எழுதும்போது வெளிறித் தெரிந்த கோடு, காற்றுப் பட்டபின் மெல்ல மெல்லக் கறுத்தது. ஆகவே, எழுத்து கறுத்து முடியும்வரை முத்திரையைக் கலைக்காமல் பிடித்திருந்தால்தான் மந்திரம் பலிக்கும். கறுத்துவிட்ட பழைய எழுத்தை எந்த முத்திரையாலும் எழுப்ப முடியாது. இவ்வகை மை காலப்போக்கில் தாளையே அரிக்கக்கூடியது என்பதால், கதையில் வலிய மந்திரம் தன் தாளை உடனே தின்றுவிடுகிறது.

முத்திரைகளுக்குப் பரதத்தின் 28 ஒற்றைக்கை முத்திரைகளே போதும். விரல்களை நீட்டிச் சேர்த்துப் பிடிக்கும் பதாகத்தில் மோதிரவிரலை மடித்தால் திரிபதாகம், சிறுவிரலையும் சேர்த்து மடித்தால் அர்த்தபதாகம் என, ஒரு விரலின் அசைவிலேயே பொருள் மாறிவிடும் இந்த ஒழுங்கு எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது. கை நடுங்கும் முதியவரின் மந்திரம் திசைமாறுவதற்கு வேறு காரணம் தேடவேண்டியதில்லை. இரட்டைக்கை முத்திரைகளைச் சேர்க்கவில்லை, ஏனெனில் மறுகை எழுதிக்கொண்டிருக்க வேண்டும். அடுத்து, கடலோரக் காலிமுகத்திடலின் ஈரக் காற்றில் நடக்கும் மோதலை எழுதப்போகிறேன்.