பெங்களூரு வேலையை விட்டுத் தேன்கனிக்கோட்டைப் பக்கம் இரண்டு ஏக்கரில் குடியேறலாமா?

கேள்வி – அல்சூர்வாசி

பெங்களூருவில் மென்பொருள் வேலையில் இருக்கிறேன். அடுக்குமாடி வீட்டை விற்று, தேன்கனிக்கோட்டைப் பக்கம் இரண்டு ஏக்கர் மானாவாரி நிலம் வாங்கி, உண்பதை நாங்களே விளைவித்துக்கொண்டு வாழலாம் என்று மனைவியும் நானும் முடிவு செய்திருக்கிறோம். மகள் ஐந்தாம் வகுப்பில் படிக்கிறாள். இரண்டு ஏக்கர் போதுமா? முதலில் எதைப் பார்க்க வேண்டும்?

பதில் – தளிக்காரன்

பரப்பளவைக் கேட்பதற்கு முன், அந்த நிலம் யானை வரும் வழியில் இருக்கிறதா என்று விசாரியுங்கள். பன்னேருகட்டாவிலிருந்து தளி, ஜவளகிரி காடுகள் வழியாக யானைக் கூட்டங்கள் வந்து சேர்வதும் ராகிக் கதிர் முற்றுவதும் ஏறக்குறைய ஒரே காலத்தில்தான்; ஆடியில் விதைத்துக் களையெடுத்துக் காத்த பயிர் ஒரே இரவில் மிதிபட்டுப் போவதுண்டு என்பதால், இங்கே அறுவடை முடியும் வரை பரண் மேல் உட்கார்ந்து, பட்டாசும் டார்ச்சுமாக இரவுக் காவல் இருக்கிறோம். விலை மலிவு என்று தரகர் காட்டும் நிலம் பெரும்பாலும் காட்டோரமாகவே இருக்கும். மற்றபடி ராகிக்கு இந்த மண் ஏற்றது. இடையிடையே ஒரு சால் அவரை, ஒரு சால் துவரை விட்டால் குழம்புக்கும் ஆயிற்று. அறுத்து வைத்த ராகி எளிதில் பூச்சி பிடிக்காமல் ஆண்டுக்கணக்கில் கிடக்கும். மூன்று வேளையும் அரிசிச் சோறு வேண்டுமென்றால் மானாவாரி நிலம் உதவாது.

பதில் – பத்திர எழுத்தர்

பட்டா, அடங்கல் (நிலத்தின் பயிர் விவரப் பதிவேடு), முப்பது ஆண்டு வில்லங்கச் சான்று ஆகியவற்றோடு, அது 1892 அரசாணைப்படி ஒடுக்கப்பட்டோருக்கு வழங்கப்பட்ட பஞ்சமி நிலமா என்பதையும் பாருங்கள். அத்தகைய நிலத்தைப் பிறர் வாங்குவது செல்லாது. விவசாயி அல்லாதவர் வேளாண் நிலம் வாங்க கர்நாடகத்தில் இருந்த தடை 2020 சட்டத் திருத்தத்தில் நீங்கியதால், எல்லை தாண்டி அங்குள்ள ஆனேக்கல் பக்கமும் தேடலாம், விலைதான் கட்டுப்படியாகாது.

பதில் – மண்வெட்டி

சாப்பாட்டுக்கு இரண்டு ஏக்கர் போதும். பள்ளிக் கட்டணத்தை ராகியாக வாங்க மாட்டார்கள். வேலையை விட்டதும் அலுவலக மருத்துவக் காப்பீடும் போய்விடும் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். ஆகவே வீட்டை விற்காமல் வாடகைக்கு விடுங்கள். நிலத்தை ஒரு போகம் குத்தகைக்கு எடுத்து, விதைப்பிலிருந்து போரடிப்பு வரை உடனிருந்து பாருங்கள்.

அல்சூர்வாசி

வீட்டை விற்பதைத் தள்ளிவைக்கிறோம். குத்தகைக்கு எப்போது பேச வேண்டும்?

தளிக்காரன்

சித்திரையிலேயே பேசிவிடுங்கள். கோடை மழைக்கு ஒரு உழவு ஓட்டியாக வேண்டும்.