குணசேகரன் வேஷத்துல மாரிமுத்து அப்படி என்ன பண்ணிட்டார்?

தேனிப்பக்கத்தான்:
'பரியேறும் பெருமாள்'ல ஜோவோட அப்பாவா ஜி. மாரிமுத்து எவ்வளவு நல்லா பண்ணியிருந்தார்! ஆனா அப்போ எங்க தெருவுல யாருக்கும் அவர் பேர் தெரியாது. 2022ல 'எதிர்நீச்சல்' சீரியல் ஆரம்பிச்சு ஆதிமுத்து குணசேகரனா வந்ததும் "ஏய், இந்தாம்மா"ன்னு சின்னப்பசங்க வரைக்கும் சொல்றாங்க. சீரியல் வில்லன்னா கத்தினா போதும்தானே?

சோபா_ரசிகை:
தினமும் ராத்திரி வீட்டுக்குள்ள வர்ற மனுஷன். பேர் தெரியாம இருக்குமா?

சம்பந்தி வேஷம்:
தம்பி, நான் சீரியல்ல வக்கீல், தாசில்தார், சம்பந்தின்னு வந்து போற ஆளு. கத்துறது சுலபம். வசனப் பேப்பர் ஷாட்டுக்குக் கொஞ்சம் முன்னாடிதான் கைக்கு வரும். மனப்பாடம் பண்ண நேரம் ஏது? அசிஸ்டென்ட் கேமரா பக்கத்துல நின்னு வசனத்தை எடுத்துக் கொடுத்து ப்ராம்ப்ட் பண்ணுவார். அதைக் காதுல வாங்கிக்கிட்டே, பார்வை எதிர்ல நிக்கிறவங்க மேல இருக்கணும். என் கண்ணெல்லாம் அந்த அசிஸ்டென்ட் பக்கம்தான் ஓடும்! குணசேகரன் தம்பி பொண்டாட்டிகளை மிரட்டுற சீனைப் போட்டுப் பாருங்க, அவர் பார்வை அசையாது. அந்த "இந்தாம்மா"வுல சத்தத்தைவிட எகத்தாளம்தான் ஜாஸ்தி.

அவர் ஏற்கெனவே டைரக்டர். வருசநாட்டுப் பக்கம் பசுமலைத்தேரியிலேர்ந்து வந்து ராஜ்கிரண்கிட்ட அசிஸ்டென்ட்டா இருந்தவர். 2008ல 'கண்ணும் கண்ணும்', 2014ல 'புலிவால்' எடுத்தார். 'யுத்தம் செய்'ல மிஷ்கின் நடிக்க வச்சார். ஷாட் எங்க கட் ஆகும்னு தெரிஞ்ச ஆளுக்கு, நடிப்புல எவ்வளவு கொடுக்கணும்னும் தெரியும்.

ஷூட்டிங்கோட வேலை முடியாது, அதே கோபத்தை டப்பிங் ரூம்லயும் கொண்டுவரணும். 2023 செப்டம்பர் 8ல அந்த சீரியல் டப்பிங்லதான் அவருக்கு நெஞ்சுவலி வந்துச்சு, அன்னிக்கே போயிட்டார். அவர் நடிச்ச 'ஜெயிலர்' ரிலீஸ் ஆகி ஒரு மாசம்கூட முடியல.

சோபா_ரசிகை:
அப்போ அவருக்கு அப்புறம் குணசேகரனா வந்த வேல ராமமூர்த்தி ஏன் எடுபடல? மீசை, குரல் எல்லாம் இருக்கே.

சம்பந்தி வேஷம்:
அவரைக் குத்தம் சொல்ல மாட்டேன்மா. ஒண்ணரை வருஷத்துக்கு மேல ஜனங்க பார்த்துப் பழகின குணசேகரன் வேற. வேல ராமமூர்த்தியைப் பார்த்தா பயம் வரும். மாரிமுத்துவைப் பார்த்தா பயத்தோட சிரிப்பும் வரும். வில்லனைத் திட்டிக்கிட்டே ரசிக்கிறது அதனாலதான்.

தேனிப்பக்கத்தான்:
நன்றிண்ணே. அவர் டைரக்ட் பண்ணினதுல எதை முதல்ல பார்க்கலாம்?

சம்பந்தி வேஷம்:
'கண்ணும் கண்ணும்'. கொஞ்சம் நீங்க ஏற்கெனவே பார்த்திருப்பீங்க. வடிவேலு "கிணத்தைக் காணோம்"னு போலீஸ் ஸ்டேஷன்ல நிக்கிற காமெடி அந்தப் படம்தான்.