[கலைச்சொல்] ‘விளையாட்டுப் பதிவு’க்கு வேறு சொல் – வெள்ளிக்கு முதல் வேணும்

திங்கள், இரவு 9.40
அனுப்பியது: கிளிநொச்சி ரீச்சர்

எல்லாருக்கும் வணக்கம்.

எங்கட கணினி அறைப் பிள்ளைகள் ஸ்கிராட்ச் என்ற, பிள்ளைகள் நிரல் எழுதப் பழகுகிற மென்பொருளில் சின்னச் சின்ன விளையாட்டுகள் செய்திருக்கினம். ஒன்றில் மயில் நெல்லுக் கொத்த வரும், கலைக்கவேணும். இன்னொன்றில் ஏ9 வீதியில் மாடு குறுக்கே வரும், பஸ்ஸை நிற்பாட்டவேணும். அவற்றை விளையாடிக் காட்டி, திரையை எச்.டி. தரத்தில் ரெக்கோட் பண்ணி அனுப்பவேணும். அது எப்படி என்று எட்டுப் பக்கக் கைநூல் ஒன்று எழுதுகிறேன். வெள்ளிக்கிழமை அச்சகத்துக்குப் போகுது.

போன கிழமை அறிவித்தல் பலகையில் “விளையாட்டுப் பதிவு – புதன் பி.ப. 2.00” என்று எழுதிவிட்டேன். புதன்கிழமை இரண்டு தகப்பன்மார் பிறப்புச் சான்றிதழ்ப் பிரதியோடு வந்து நிற்கினம். 16 வயதுக்குட்பட்டோர் கரப்பந்தாட்டத்துக்கு மகனைப் பதியவேணுமாம். ஒருத்தர் முரசுமோட்டையில இருந்து வெயிலுக்குள்ள சைக்கிள் உழக்கி வந்தவர். தேத்தண்ணி குடுத்து அனுப்பினேன்.

மூன்று சொல் வேணும். கேம்ப்ளே ரெக்கோடிங், ஹை டெஃபினிஷன் (எச்.டி.), ஃபிரேம் ரேட் (செக்கனுக்கு எத்தனை படம் என்பது). பிள்ளைகளுக்கும் விளங்கவேணும், தாய்தகப்பனுக்கும் விளங்கவேணும்.

---

திங்கள், இரவு 10.15
அனுப்பியது: கோவை மொழிபெயர்ப்பாளர்

நல்ல முயற்சி, டீச்சர். படப்பிடிப்பு என்று சொல்கிறோம் அல்லவா, அதே தடத்தில் ‘ஆட்டப்பிடிப்பு’. ஹை டெஃபினிஷனுக்கு ‘உயர் வரையறை’ ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது. ஃபிரேம் ரேட் ‘சட்டக வீதம்’. மூன்றும் முடிந்தது, நிம்மதியாகத் தூங்குங்கள்!

---

செவ்வாய், காலை 5.50
அனுப்பியது: மாங்குளம், ஓய்வுபெற்ற தமிழாசிரியர்

> மூன்றும் முடிந்தது

ஒன்றும் முடியவில்லை, தம்பி.

முதலாவது, வரையறை. வரைந்து அறுப்பது வரையறை, எல்லை கட்டுவது. எங்கள் நாட்டில் ‘வரையறுக்கப்பட்ட’ என்ற சொல்லைக் கம்பனிப் பெயர்ப்பலகையில் பார்த்திருப்பீர்கள். ஒரு சொல்லுக்குக் கூறும் டெஃபினிஷனை இங்கே பிள்ளைகள் ‘வரைவிலக்கணம்’ என்று படிக்கிறார்கள். ‘உயர் வரையறை’ என்றால் வன்னிப் பிள்ளைக்கு, உயரத்தில் ஏதோ தடை போட்டிருக்கிறார்கள் என்றுதான் படும். ஒளியியலில் டெஃபினிஷன் என்பது உருவின் விளிம்பு கலங்காமல் தெரிவது. ஆகவே தெளிவு.

தெள் என்ற வேரைப் பாருங்கள். தெண்ணீர், தெள்ளமுது, தெருள், தேறல். அரிசியைச் சுளகில் இட்டுத் தெள்ளுகிறோம். குறுநொய் ஒருபக்கம், மணி ஒருபக்கம் பிரிகிறது. ஒன்றோடொன்று கலந்து கிடந்தது தனித்தனியே தெரிய வருவதுதான் தெளிவு. படப்புள்ளிகள் தனித்தனியே தெரிவதும் அதுவே.

இரண்டாவது, விளையாட்டு. அந்தச் சொல் கரப்பந்துக்குப் போய்விட்டதென்றால் பழைய சொல் ஒன்று சும்மா கிடக்கிறது. “கெடவரல் பண்ணை ஆயிரண்டும் விளையாட்டு” என்பது தொல்காப்பிய உரியியல். ‘பண்ணைப்பதிவு’ என்று வைக்கலாம்.

---

செவ்வாய், காலை 8.05
அனுப்பியது: மல்லாவி, கணினி திருத்துநர்

சேர், பகிடி விடாதேங்கோ. பண்ணைப்பதிவு எண்டு ஒட்டினா அடுத்த நாள் கோழிப்பண்ணைக்காரர் எல்லாம் படிவத்தோட வந்து நிப்பினம். ரீச்சர் எத்தினை பேருக்குத் தேத்தண்ணி ஊத்துறது? கெடவரலும் வேண்டாம். பிள்ளையள் கேம் விளையாடிக் கெட்டுப்போகுதுகள் எண்டு தாய்மார் ஏற்கனவே சொல்லிக்கொண்டுதான் இருக்கினம்.

‘பதிவு’ எண்டதிலயே எனக்கொரு சோலி. எங்கட வயலுக்குள்ள பதிவு எண்டா தண்ணி நிக்கிற பள்ளக்காணி. ‘உயர்தெளிவுப் பதிவு’ எண்டு போட்டா மேடா பள்ளமா?

தேறல் எண்டு கள்ளையும் சொன்னீங்கள், அதை மட்டும் கைநூலில போடாதேங்கோ. தவறணைக்கு ஆள் திரும்பீடும்.

---

செவ்வாய், மாலை 4.30
அனுப்பியது: புதுக்குடியிருப்பு

நான் இங்கே அதிகம் எழுதிறதில்லை. ஒன்றைமட்டும் சொல்லவேணும்.

‘பிடிப்பு’ என்ற சொல்லை எங்கட பக்கத்துப் பெற்றோருக்குக் குடுக்கிற தாளில் போடாதேங்கோ. “பிள்ளைகளின் ஆட்டப்பிடிப்பு, புதன் 2 மணி” என்று தலைப்பு வந்தால் ஒரு தாய் முதல் இரண்டு சொல்லை எப்படி வாசிப்பா என்று, யுத்தத்துக்குப் பிள்ளை பிடிச்ச காலத்தில் இங்கே இருந்தவைக்கு நான் விளங்கப்படுத்தத் தேவையில்லை.

பதிவு பரவாயில்லை. 2009இல் செட்டிகுளம் அகதி முகாமில் பதிவுக்கு வரிசையில் நின்ற கால் இன்னும் உளையுதுதான். ஆனால் அந்தச் சொல் பிறப்புப் பதிவு, கலியாணப் பதிவு, காணிப் பதிவு என்று எல்லா வேலையும் செய்து தேய்ந்துபோச்சு. அதில் இனிக் கூர் இல்லை.

மாங்குளம் சேர் சொன்ன சுளகு சரி. அம்மா குரக்கன் தெள்ளேக்க பக்கத்தில இருந்து பார்த்திருக்கிறேன்.

---

செவ்வாய், மாலை 5.10
அனுப்பியது: கோவை மொழிபெயர்ப்பாளர்

எனக்கு அது உறைக்கவே இல்லை. மன்னியுங்கள், அக்கா. ‘பிடிப்பு’ என்ற என் முன்மொழிவைத் திரும்பப் பெறுகிறேன்.

பதிவு என்றே போகட்டும்: ‘ஆட்டப்பதிவு’. ஆட்டம் வேண்டாமென்றால் ‘ஆடுபதிவு’? ஆடுகளம் போல வினைத்தொகை. முக்காலமும் அடங்கும்: ஆடிய, ஆடுகின்ற, ஆடும் பதிவு.

---

செவ்வாய், இரவு 7.20
அனுப்பியது: மல்லாவி, கணினி திருத்துநர்

ஆடுபதிவு! இப்ப ஆட்டுக்குக் காதில இலக்கம் குத்துறாங்கள், தெரியுமோ? அதுக்கெண்டு ஆட்டையும் இழுத்துக்கொண்டு வரப்போகுதுகள்.

---

செவ்வாய், இரவு 8.45
அனுப்பியது: மாங்குளம், ஓய்வுபெற்ற தமிழாசிரியர்

மல்லாவித் தம்பிக்குப் புணரியல் மறந்துவிட்டது. ஆடு நெடிற்றொடர்க் குற்றியலுகரம். விலங்கென்றால் ஒற்று இரட்டும்: ஆட்டுப்பால், ஆட்டுக்கொட்டில், ஆட்டுப்பதிவு. வினைத்தொகையில் இரட்டாது, வல்லினமும் மிகாது: ஆடுகளம், ஆடுபதிவு. தமிழே வேலி போட்டுத் தந்திருக்கிறது. ஆட்டுக்கும் ஆட்டத்துக்கும் இடையில் மயக்கம் வர வழியே இல்லை.

---

செவ்வாய், இரவு 9.00
அனுப்பியது: கிளிநொச்சி ரீச்சர்

சேர், அந்த வேலி எங்களுக்குத் தெரியும். அறிவித்தல் பலகைக்கு முன்னால நிற்கிறவருக்குத் தெரியவேணுமே.

---

புதன், காலை 6.30
அனுப்பியது: ரொறன்ரோ (ஊர் ஒட்டுசுட்டான்)

‘திரைப்பதிவு’ என்று சொல்லிவிட்டுப் போனால் என்ன? ஏன் இந்த ஆடும் மாடும்?

---

புதன், காலை 8.15
அனுப்பியது: கிளிநொச்சி ரீச்சர்

நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் போன தவணை ஒரு பிள்ளை முழுத் திரையையும் பதிந்து அனுப்பினவ. மயிலைக் கலைக்கிற முக்கியமான இடத்தில் மூலையில் ஒரு தகவல் வந்து விழுது: “கோழிக்குத் தீன் வைச்சியோ?” வகுப்பே சிரிச்சுது, அவ அழுதிட்டா. திரையைப் பதிவது வேறு, ஆட்டத்தை மட்டும் பதிவது வேறு என்று பிள்ளைக்கு விளங்கத்தான் இரண்டு சொல் கேட்கிறேன்.

---

புதன், மதியம் 1.00
அனுப்பியது: மல்லாவி, கணினி திருத்துநர்

ரீச்சர் சொல்லுறது சரி. திரையைப் பதியிற ஓபிஎஸ் மென்பொருளில திரை முழுக்க, ஒரு சாளரம், விளையாட்டு மட்டும் எண்டு மூண்டு வழி இருக்கு. உங்களுக்கு ‘ஒரு சாளரம்’ காணும். ஸ்கிராட்ச் உலாவிக்குள்ள ஓடுறதால ‘விளையாட்டு மட்டும்’ வழியில கறுப்புத்தான் வரும்.

சொல்லுக்கு அடிபடுறதுக்கு முதல் விசயத்தைப் பாருங்கோ. ஸ்கிராட்ச் மேடை, அதான் விளையாட்டு ஓடுற பெட்டி, 480க்கு 360 புள்ளி. ரீச்சர் கேக்கிறது 1920க்கு 1080. 360 மூண்டு தரம் 1080, 480 மூண்டு தரம் 1440. அப்ப ரெண்டு பக்கமும் 240 புள்ளி வெறுங்கறுப்பு. மயிலை ஸ்கிராட்சில கோட்டுருவா (வெக்டர்) கீறியிருந்தா மூண்டு மடங்கு பெருப்பிச்சாலும் விளிம்பு கத்தி மாதிரி நிக்கும். போனில எடுத்த படத்தைச் சின்னனாக்கி ஒட்டியிருந்தா மயில் எருமைச்சாணி மாதிரி அப்பிக்கொண்டு தெரியும். பதிவு எச்.டி.தான், மயில் எச்.டி. இல்லை. ‘தெளிவு’ எண்டு பேர் வைச்சா, தெளிவில்லாத மயிலைப் பாத்து, இதென்ன தெளிவு எண்டு பெடியள் கேப்பாங்கள்.

ஸ்கிராட்ச் செக்கனுக்கு 30 சட்டகம்தான் போடும். 60இல பதிஞ்சா ஒவ்வொண்டும் ரெண்டு தரம் விழும், அவ்வளவுதான். ஒரு சட்டகத்தில 20,73,600 புள்ளி, புள்ளிக்கு மூண்டு பைட்டு. 30 சட்டகத்துக்கு செக்கனுக்கு 187 மெகாபைட்டுக் கிட்ட வரும். உங்கட அறையில கிடக்கிற பழைய ஹாட்டிஸ்க் அந்த வேகத்தில எழுதவே எழுதாது. அதாலதான் எச்.264 எண்ட முறையை வைச்சு வீடியோவைச் சின்னனா நெருக்கிறது. செக்கனுக்கு 6 மெகாபிட்டுக்கு நெருக்கினா நிமிசத்துக்கு 45 மெகாபைட், டொங்கிளில அனுப்பலாம். பதியிறது லேசு, நெருக்கிறதுதான் வேலை. அந்த வேலை முட்டினா சட்டகம் உதிரும். ‘உதிர்வு’ எண்ட சொல்லை மட்டும் நான் தாறன், காசு வேண்டாம். விளைஞ்ச நெல்லை அறுக்கப் பிந்தினா உதிருற மாதிரித்தான்.

இன்னொண்டு, இதைக் கொட்டை எழுத்தில போடுங்கோ. எம்கேவி எண்ட கோப்பு வகையாப் பதியச் சொல்லுங்கோ. பழைய எம்பி4ஆப் பதியேக்க கரண்ட் போனா கோப்பு பிறகு திறபடாது. எம்கேவி எண்டா போன கணம் வரைக்கும் மிஞ்சும். எம்பி4 வேணுமெண்டாப் பிறகு மாத்தலாம், ஒரு நிமிசமும் செல்லாது.

---

புதன், இரவு 8.30
அனுப்பியது: வவுனியா, மொழிபெயர்ப்பாளர்

‘தெளிவு’ தனியே நிற்காது. எச்.டி.யிலும் புள்ளி கூடிய 4கே வந்தால் என்ன சொல்லுவீர்கள்? எச்.டி.க்கு ‘மீத்தெளிவு’ என்று கொடுத்துவிட்டால் மேலே ஏற இடமில்லை. தெளிவு, முழுத்தெளிவு, மீத்தெளிவு என்று படி வைக்கலாம்.

சட்டக வீதத்தில் எனக்கு ஐயம் உண்டு. இங்கே வீதம் என்றால் நூற்றுக்கு இவ்வளவு என்பதும்தான். ‘சட்டக வீதம் 60’ என்பதை ஒரு பிள்ளை அறுபது வீதம் என்று வாசித்து, மிச்ச நாற்பது எங்கே என்று கேட்டால் குற்றம் பிள்ளையில் இல்லை.

---

புதன், இரவு 9.10
அனுப்பியது: கோவை மொழிபெயர்ப்பாளர்

வீதத்துக்குப் பதில் அதிர்வெண் போல ‘சட்டகவெண்’?

---

புதன், இரவு 9.25
அனுப்பியது: வவுனியா, மொழிபெயர்ப்பாளர்

இங்கே அதிர்வெண் இல்லை, மீடிறன். முடுக்கமும் இல்லை, ஆர்முடுகல்.

---

புதன், இரவு 9.31
அனுப்பியது: கோவை மொழிபெயர்ப்பாளர்

ஆர்முடுகலா? அருமை! இதை யார் ஆக்கியது?

(இதற்குப் பிறகு ஆர்முடுகல், அமர்முடுகல், நுணுக்குக்காட்டி, அமுக்கம் என்று பதினேழு மடல்கள். 1847இல் யாழ்ப்பாணம் வந்து, மானிப்பாயில் தமிழிலேயே மருத்துவம் படிப்பித்த கிறீன் வைத்தியர் வரைக்கும் போய்விட்டார்கள். கணினியா கணனியா என்று ஒருவர் தொடங்க, அதை வெட்டிவிட்டேன். – மட்டுறுத்துநர்)

---

வியாழன், மாலை 6.00
அனுப்பியது: கிளிநொச்சி ரீச்சர்

நாளைக்குக் காலை அச்சகம். எண்ணிப் பார்த்ததில் ‘ஆட்டப்பதிவு’க்கு ஆறு பேர், ‘திரைப்பதிவு’க்கு நாலு பேர், ‘ஆடுபதிவு’க்கு மாங்குளம் சேர் ஒருத்தர். கோவைத் தம்பி இரண்டு பக்கமும் கை தூக்கியிருக்கிறார். ஆட்டப்பதிவு என்றே போடுகிறேன். முழுத்திரையைப் பதிவதற்குத் திரைப்பதிவு.

எச்.டி.க்குத் தெளிவும் இல்லை, வரையறையும் இல்லை. வகுப்பில் இன்றைக்குக் கேட்டேன். 1080 என்பது மேலிருந்து கீழே எத்தனை வரி என்று சொன்னவுடன், “அப்ப 720 வரிக் கொப்பி, 1080 வரிக் கொப்பி மாதிரி, ரீச்சர்” என்று ஒருத்தன் சொன்னான். ‘1080 வரிப் பதிவு’ என்று போடுகிறேன். மயில் மங்கலாக இருந்தாலும் வரி வரிதான், மல்லாவித் தம்பி சண்டைக்கு வரமாட்டார்.

---

வியாழன், இரவு 8.10
அனுப்பியது: மாங்குளம், ஓய்வுபெற்ற தமிழாசிரியர்

பெரும்பான்மைக்குத் தலைவணங்குகிறேன், உடன்படவில்லை. வரி என்றால் இறையும் ஆகும். ஆயிரத்து எண்பது வரி கட்டவேணுமோ என்று முரசுமோட்டையார் திரும்ப வருவார். அவருக்கான தேத்தண்ணிச் செலவை நான் ஏற்கிறேன். தெள் என்னும் வேர் பற்றித் தனி மடல் எழுதுகிறேன்.

---

வெள்ளி, மாலை 3.40
அனுப்பியது: கிளிநொச்சி ரீச்சர்

படி பார்க்கத் தந்தினம். மூன்றாம் பக்கத் தலைப்பு, பெரிய எழுத்தில்: “ஆட்டுப்பதிவு செய்யும் முறை”.

சிவப்புப் பேனையால் திருத்திக் குடுத்திருக்கிறேன்.

---

வெள்ளி, மாலை 4.05
அனுப்பியது: மல்லாவி, கணினி திருத்துநர்

வேலி போட்ட சேர் எங்க?

ரீச்சர், அது கிடக்கட்டும். ஃபிரேம் ரேட்டுக்கு என்ன போட்டீங்கள்?