பி.என். சர்க்கார் படங்கள்: எதைத் திரையிடலாம்?

கும்பகோணம்:
எங்கள் திரைப்படக் கழகத்தில் வங்காளத் தயாரிப்பாளர் பி.என். சர்க்காருக்காக ஒரு மாலை ஒதுக்கியிருக்கிறோம். எந்தப் படம் சரியாக இருக்கும்?

தஞ்சாவூர்:
1935 ‘தேவதாஸ்’ கேட்டால் பெரும்பாலும் இந்திப் பிரதிதான் கைக்கு வரும், சார். தேவதாஸாக நடிகர்-பாடகர் சைகல் வந்தால் இந்தி. இயக்குநர் பருவாவே நடித்திருந்தால் வங்காளப் பிரதி. முதல் ரீலையாவது ஓட்டிப் பார்த்துவிடுங்கள். ஒலியில் இரைச்சல் இருக்கும். ட்ரெபிளை (கீச்சொலி அளவை) குறைத்தால் வசனம் தெளியும். ரொம்பக் குறைத்தால் பாட்டு மங்கிவிடும்.

மன்னார்குடி:
சர்க்கார் படித்தது சிவில் இன்ஜினியரிங். நியூ தியேட்டர்ஸ் என்ற தன் பட நிறுவனத்தைத் தொடங்கியது 1931-ல். 1935 ‘பாக்ய சக்ரா’வை அவசியம் பேசுங்கள்: பின்னணிப் பாடல் அதில்தான் வந்தது. அதுவரை நடிகரே படப்பிடிப்பில் பாடவேண்டும். மைக்கை விட்டு நகர்ந்தால் குரல் போய்விடும். இந்தத் துணிச்சலுக்கே 1970 பால்கே விருது தகும்.